சுவாதியின் அட்டைக்கு ஒரு ரினியூவல்

1

இந்தக் கதை என் தப்பிலிருந்து பிறந்தது. முதலிலேயே ஒப்புக்கொள்கிறேன். பாதியில் கண்டுபிடித்து நீங்கள் என்னைக் கேட்க வேண்டாம்.

செஞ்சி பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் டிடிபி கடை வைத்திருக்கிறேன். ஜெராக்ஸ், கல்யாணப் பத்திரிகை, கண்ணீர் அஞ்சலி போஸ்டர். கூட்டம் இல்லாத நேரத்தில் அதே கம்ப்யூட்டரில் கதை எழுதுவேன். போன வருஷம் டிசம்பரில் ஒரு நர்சரி பள்ளியிலிருந்து ஆர்டர் வந்தது. யூகேஜி பிள்ளைகள் நாற்பத்திரண்டு பேருக்குப் புத்தாண்டு அட்டை. ஒவ்வொன்றிலும் வேறு வேறு வாசகம், பிள்ளைகளுக்குத் தெம்பு தருகிற மாதிரி இருக்க வேண்டும்.

ஒரு பிள்ளையின் முகம்கூட எனக்குத் தெரியாது. பெயர்ப் பட்டியலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒரே மூச்சில் எழுதித் தள்ளினேன். 'இந்த வருஷம் நீ கிடுகிடுவென்று வளர்வாய்.' 'இந்த வருஷம் உனக்குப் புது நண்பன் கிடைப்பான்.' பதினேழாவது பெயர் சுவாதி. அவளுக்கு விழுந்தது இது: 'இந்த வருஷம் உன் குரலை ஊரே கேட்கும்.'

வீட்டு வாசலைத் தாண்டினால் சுவாதி வாய் திறக்க மாட்டாள். வகுப்பில் பெயர் கூப்பிட்டால் கையை மட்டும் தூக்குவாள். இது எனக்கு ஒரு வருஷம் கழித்துத்தான் தெரிந்தது.

2

எழுதிப் பார்த்த தொடக்கங்கள்:

மார்கழிப் பனியில் ராஜகிரி மலை மெல்ல மெல்ல

(வேண்டாம். இந்த ஊரில் பேனா பிடித்தவர்கள் எல்லாரும் மலையில்தான் ஆரம்பிக்கிறார்கள்.)

ஒரு ஊரில் சுவாதி என்றொரு சிறுமி இருந்தாள். அவளுடைய குரலை ஒரு

(ஒரு என்ன? பூதமா? சும்மா இரு அன்புக்கரசி.)

தேவேந்திரன் ஆட்டோவைக் கடை வாசலில் நிறுத்தினார்.

இது சரி. நடந்ததும் இதுதான், டிசம்பர் முப்பது, காலை எட்டு மணி. ஆனாலும் மலையை விட மனசு வரவில்லை, ஒரே ஒரு வரி சொல்லிக்கொள்கிறேன். இந்த மாதத்தில் ஒன்பது மணி வரை எங்கள் ஊருக்கு மலையே கிடையாது. வாசலில் நின்றால் வெறும் வெள்ளை. பஸ்ஸெல்லாம் அதற்குள்ளிருந்து அப்போதுதான் உண்டானதுபோல வரும். அவலூர்பேட்டை ரோட்டில் ஷேர் ஆட்டோ ஓட்டுகிற தேவேந்திரனும் அப்படித்தான் வந்தார். பின் சீட்டில் குல்லா போட்ட ஒரு சிறுமி, அவர் மகள் சுவாதி.

"அக்கா, இந்த அட்டை நீங்க அடிச்சதுதான?"

பென்சில் டப்பாவில் கிடந்து கிடந்து மூலையெல்லாம் மழுங்கிய அட்டை.

"ஆமாண்ணா. இன்னா விஷயம்?"

"நாளையோட இது முடியுதாம். ரெண்டு நாளா பாப்பா சரியா சாப்புட மாட்டேங்குது. வருஷம் போவுது, ஊர் கேக்கலியே, நான் தப்பு பண்ணிட்டனா நைனான்னு அழுவுது."

அட்டையை வாங்கி என் வாசகத்தை ஒருமுறை படித்தேன்.

"கிளாஸ்ல புள்ளைங்க இத்த வச்சி கிண்டல் பண்ணுச்சிங்க. அப்பவே உங்ககிட்ட சண்டைக்கு வரலாம்னு இருந்தேன். பாப்பாதான் வேணாம்னுச்சி. அட்டையில போட்டா நடக்கும்னு நம்புது அது. அதான்…" தலையைச் சொறிந்தார். "வண்டிக்கு எஃப்சி முடிஞ்சா ரினியூவல் பண்றன்ல, அது மாதிரி இதுக்கும் ஒரு வருஷம் போட்டுக் குடுங்க. சீல் இருந்தா வச்சிடுங்க. சீல் இருந்தாத்தான் நம்பும்."

வெட்கமாக இருந்தது. நாற்பத்திரண்டு வாசகத்தையும் ஒரு மணி நேரத்தில் முடித்துவிட்டோம் என்று அன்றைக்குப் பெருமைப்பட்டவள் நான்.

3

அட்டையின் பின்பக்கத்தில் பென்சிலில் ஒரு பட்டியல் இருந்தது.

1. நைனா
2. அம்மா
3. தம்பி
4. மணி
5. குரங்கு

"பாப்பா குரலக் கேட்டவங்க பேரு" என்றார் தேவேந்திரன். "மணி எங்க நாயி. பொங்கலப்போ கோட்டைக்குப் போனோம். கையில இருந்த கொய்யாவ ஒரு கொரங்கு புடுங்கிக்கிச்சி. 'குடுறா'ன்னு கத்திடுச்சி பாப்பா. அதான் அதையும் சேத்துக்கிச்சி."* அவர் சிரிக்கவில்லை. "அஞ்சு பேர் ஆச்சி, ஊர்ல மொத்தம் எத்தினி பேரு நைனான்னு கேக்குது. நான் இன்னாத்த சொல்றது?"

* குரங்கை ஊரோடு சேர்க்கலாமா என்று நீங்கள் கேட்கலாம். செஞ்சியில் சேர்க்கலாம். நம்மைவிட அவைதான் கோட்டைக்கு ஒழுங்காகப் போய்வருகின்றன.

4

இனி என் கையில் இருந்த முடிவுகள்.

முதல் முடிவில் சுவாதி ராஜகிரி உச்சிக்கு ஏறித் தன் பெயரைக் கத்துகிறாள். பாறைக்குப் பாறை அது தாவி இறங்குகிறது. பஸ் ஸ்டாண்டில் டீ ஆற்றுகிறவர் நிமிர்ந்து பார்க்கிறார். எழுதும்போது எனக்கே கண் கலங்கிவிட்டது, அதனால்தான் அழித்தேன். கலங்கியது என் கண். பக்கத்து பெஞ்சுப் பிள்ளையிடம் ரப்பர் கேட்கவே முடியாதவளை மலைமேல் ஏற்றிக் கத்தச் சொல்ல நான் யார்?

இரண்டாவது முடிவு ஒரு கனவு. பனிக்குள் ஊர் மொத்தமும் வரிசையில் நிற்கிறது, ரேஷன் கடை வரிசை மாதிரி, ஆனால் யாரும் முண்டியடிக்கவில்லை. கண்டக்டர்கள், பூக்காரம்மா, பள்ளி வேன் டிரைவர், கிண்டல் செய்த பிள்ளைகள். வரிசையின் முனையில் சுவாதி ஸ்டூலில் உட்கார்ந்திருக்கிறாள். ஒவ்வொருவராக வந்து குனிந்து காதைக் காட்டுகிறார்கள். அவள் ஒவ்வொரு காதிலும்

(இதற்கு மேல் கை ஓடவில்லை. என்ன சொல்வாள் என்று எனக்குத் தெரியாது.)

5

நடந்ததைச் சொல்கிறேன்.

அவளை உள்ளே கூப்பிட்டு ஸ்டூலில் உட்காரவைத்தேன். கேள்வி எதுவும் கேட்கவில்லை. "தப்பு உன்னுது இல்ல பாப்பா. நீ யாருன்னே தெரியாம எழுதிட்டேன். தப்பு என்னுது" என்றேன். அவள் என் கீபோர்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பிறகு டைப் செய்தேன். 'இந்த வாசகம் மேலும் ஒரு வருஷத்துக்குச் செல்லும்.' ஒரு வருஷம் என்றால் அடுத்த டிசம்பரிலும் அழுவாளே. அழித்துவிட்டு மறுபடி அடித்தேன். 'இந்த வாசகத்துக்குக் கெடு கிடையாது. சுவாதிக்கு எப்போது தோன்றுகிறதோ அப்போது போதும்.' அட்டையில் ஒட்டி, கடை சீலை அழுத்தி வைத்தேன்.

"டேட் போடலியா அக்கா?"

"போடலண்ணா."

அவள் விரல் வைத்து எழுத்து எழுத்தாகப் படித்தாள். இரண்டு தரம் படித்தாள். அப்புறம் என் புடவைத் தலைப்பைப் பிடித்து இழுத்தாள். குனிந்தேன். என் காதில் ஒரு சொல் சொன்னாள்.

வாசலில் ஆட்டோவைத் துடைத்துக்கொண்டிருந்த தேவேந்திரன் திரும்பிப் பார்க்கவில்லை. வேண்டுமென்றே பார்க்கவில்லை என்று நினைக்கிறேன்.

6

அவள் சொன்னது: (                    )

அச்சுப் பிழை இல்லை. விட்டுத்தான் வைத்திருக்கிறேன்.

அந்தச் சொல்லை இங்கே போட்டால் நாளைக்குள் என் வாசகம் பலித்துவிடும். நீங்கள் படிப்பீர்கள், இன்னொருவரிடம் சொல்வீர்கள், ஊரே கேட்டுவிடும். பதினேழாவது அட்டையில் நான் எழுதியது பொய்யில்லை என்று ஆகிவிடும், நானும் தப்பித்துவிடுவேன். கதைக்கும் அருமையான முடிவு. கை துறுதுறுக்கிறது, மறைக்கவில்லை. ஆனால் அவள் சொன்னது என் ஒருத்தியிடம். ஊரிடம் எப்போது சொல்வது என்பது அவள் பாடு.

நீங்களாக ஒரு சொல்லை அங்கே நிரப்பிக்கொள்ளலாம். அது உங்கள் குரலாகத்தான் இருக்கும்.

புறப்படுமுன் என் மேஜையிலிருந்த பென்சிலை எடுத்து அட்டையைத் திருப்பினாள். '6. டிடிபி அக்கா' என்று எழுதினாள். அதற்குக் கீழே இன்னும் ஏதோ எழுதினாள். ஆட்டோ கிளம்பும்போது பனி விலகி, மலை தன் இடத்துக்கு வந்திருந்தது. அவள் அட்டையைப் பின் சீட்டிலிருந்து தூக்கிக் காட்டினாள்.

ஏழு என்று போட்டு, புள்ளி வைத்து, பக்கத்தில் இடம் விட்டிருக்கிறாள். நீங்கள் செஞ்சிப் பக்கம் வந்தால் அவளை எதுவும் கேட்காதீர்கள். கொஞ்சம் குனிந்து நில்லுங்கள்.