பூசைக்கு முந்தி ஒரு வெள்ளரித் துண்டு

ஃப்ளோரன்ஸுக்கு முப்பத்துநாலு வயசில் கல்யாணம் கூடி வந்தது. சாந்தோமில் கோயிலுக்குப் பின் தெருவில் இருந்த அத்தனை பேருக்கும் அது தெரியும், வயசு உள்பட. மாப்பிள்ளை வில்லியம் ராயப்பேட்டைக்காரர், ரயில்வே ஆபீஸில் வேலை, முதல் பெண்சாதி ஜோன் செத்து மூணு வருஷம். நல்ல மனுஷன் என்று எல்லோரும் சொன்னார்கள். அதை நேரில் பார்த்துத் தெரிந்துகொள்ள ஃப்ளோரன்ஸுக்கு எங்கே வாய்ப்பு? மூணே தடவை சந்தித்திருந்தாள். மூணு தடவையும் அவருடைய அக்கா டோரதி நடுவில் உட்கார்ந்திருந்தாள்.

டோரதிக்கு இந்தச் சம்பந்தம் பிடிக்கவில்லை. "இத்தினி வயசு வரிக்கும் ஒரு பொண்ணு கல்யாணம் ஆகாம இருந்தா சும்மாவா? ஏதோ கீது. போகப் போகத் தெரியும்" என்று அவள் ராயப்பேட்டையில் சொன்னது சாந்தோம் வந்து சேர ஒரு வாரம்கூட ஆகவில்லை. அந்த 'ஏதோ' என்னவென்று டோரதிக்கே தெரியாது. ஆனால் கேட்டவர்கள் எல்லோரும் தலையை ஆட்டினார்கள். ஃப்ளோரன்ஸ் காதில் விழாதது போல இருந்துகொண்டாள். உள்ளுக்குள் பயம்தான். கன்னியாஸ்திரீகள் நடத்துகிற பள்ளிக்கூடத்தில் டீச்சர் வேலை பார்க்கிறவளுக்குப் பெயர்தான் எல்லாம்.

உலகச் சண்டை முடிந்த அடுத்த வருஷம், மே மாசம், திங்கட்கிழமை காலை எட்டு மணிக்குக் கல்யாணப் பூசை என்று குறித்தார்கள். பூசை முடிந்ததும் பங்கு ஹாலில் டீ. அந்த டீயை லேசாக நினைத்துவிடக் கூடாது. அப்போதெல்லாம் பூசையில் நன்மை, அதாவது சாமியார் நாக்கில் வைக்கிற அப்பம், வாங்குகிறவர்கள் நடுராத்திரியிலிருந்து பச்சைத் தண்ணீர்கூடப் பல்லில் படவிடக் கூடாது. ஒரு சொட்டு இறங்கினாலும் அன்றைக்கு நன்மை கிடையாது. ஆகையால் கல்யாணம் பார்த்துவிட்டு வருகிற எண்பது பேரும் கொலைப் பசியோடுதான் ஹாலுக்குள் நுழைவார்கள். "கேக்கு ஒரு துண்டு போதும். ஆனா வெள்ளரிக்காய் சாண்ட்விச் இருக்கணும். எங்க வீட்டுக் கல்யாணம் எதுலயும் அது இல்லாம டீ குடுத்ததில்ல" என்று டோரதி சொல்லி அனுப்பியிருந்தாள்.

சரி, இருந்துவிட்டுப் போகட்டும். ரேஷன் கெடுபிடியில் ரொட்டிக்கு நாய் படாத பாடு பட்டு, மெஹபூப் அலி பேக்கரியில் ஒரு மாசம் முன்பே சொல்லிவைத்துப் பத்து ரொட்டி வாங்கியாயிற்று. ஆனால் சாண்ட்விச்சை முந்தின நாளே செய்துவைக்க முடியாது. வெள்ளரிக்காய் தண்ணீர் விட்டு ரொட்டி சொதசொதவென்று ஆகிவிடும். விடிந்துதான் செய்ய வேண்டும். யார் செய்வது? அம்மா இல்லை. அப்பா ஆம்ப்ரோஸுக்கு வெந்நீர்கூட வைக்கத் தெரியாது. சொந்தக்காரப் பெண்கள் நாலைந்து பேர் வருகிறேன் என்றார்கள். ஃப்ளோரன்ஸ்தான் வேண்டாம் என்றாள். மற்றவர்கள் நறுக்கினால் வில்லை தடியாகிவிடும் என்று அவளுக்கு ஒரு எண்ணம். கல்யாணப் பெண்ணுக்கு வேண்டாத வேலை இது. சொன்னால் கேட்கிற ரகமும் இல்லை அவள்.

ஒத்தாசைக்குப் பக்கத்து வீட்டு ரத்னா வந்தாள். ரத்னாவுக்குத் திருநெல்வேலிப் பக்கம். புருஷனுக்கு மயிலாப்பூரில் ஜவுளிக் கடை. எட்டு வருஷமாக இரண்டு பேரும் பள்ளிக்கூட விழா, கோயில் திருவிழா என்று சேர்ந்து சமைத்துப் பழகியவர்கள். ஒரே ஒரு விஷயத்தில் ரத்னா கறாராக இருப்பாள், அடுப்படியில் எதையும் வாயில் வைத்துப் பார்க்க மாட்டாள். சாமிக்குப் படைக்கிறதுக்கு முந்தி நாக்கில் வைத்தால் எச்சில் என்பது அவள் வீட்டு வழக்கம். மாதா கோயில் காரியமானாலும் சாமி காரியம்தானே என்பாள். அதனால் உப்போ உறைப்போ, ருசி பார்க்க வேண்டியதை ரத்னா நீட்டுவாள், ஃப்ளோரன்ஸ் வாயைத் திறப்பாள். எட்டு வருஷமும் அப்படித்தான்.

ஐந்து மணிக்கு உட்கார்ந்தார்கள். ரத்னா வெள்ளரிக்காயின் காம்புப் பக்கத்தை அரிந்து, அந்தத் துண்டாலேயே வெட்டுவாயை வட்டமாகத் தேய்த்து நுரையை வழித்துவிட்டுத் தோல் சீவிக் கொடுத்தாள். ஃப்ளோரன்ஸ் வில்லை போட்டு, உப்புத் தூவி வடியவைத்து, மல்துணியில் போட்டுப் பிழிந்தாள். பிறகு ரொட்டி. மேல் துண்டு, கீழ்த் துண்டு இரண்டிலும் உள்பக்கம் ஓரம் விடாமல் வெண்ணெய் தடவ வேண்டும், அப்போதுதான் ஈரம் உள்ளே இறங்காது. இரண்டு கையும் வெண்ணெயாக அவள் அந்த வேலையில் முனைந்திருந்தாள். உள்ளே அப்பா, காபி இல்லாமல் தலை வலிக்கிறது என்று சுவரிடம் சொல்லிக்கொண்டிருந்தார்.

"இந்தக் காய் கொஞ்சம் முத்தலா இருக்கு டீச்சர். கசக்கான்னு பாருங்க" என்று ரத்னா ஒரு துண்டை நீட்டினாள்.

ஃப்ளோரன்ஸ் தலையைத் திருப்பாமலே வாயைத் திறந்தாள். மென்றாள். விழுங்கினாள்.

"கசக்கல. நல்லாத்தான் இருக்கு" என்று சொன்ன பிறகுதான் அவளுக்குச் சுருக்கென்றது.

கத்தி கீழே விழுந்தது. "ஐயோ மாதாவே! ரத்னா, நான் முழுங்கிட்டேன்!"

"என்ன ஆச்சு டீச்சர்? விக்கிட்டா?"

விஷயத்தைச் சொன்னதும் ரத்னா தலையில் அடித்துக்கொண்டாள். "நானே குடுத்துட்டேனே, பாவி! வாயைக் கொப்புளிச்சிட்டாப் போகாதா? ஒரு துண்டுதானே?"

ஒரு துண்டானால் என்ன, ஒன்பதானால் என்ன? புது நன்மை வாங்குகிற பிள்ளைகளுக்கு இந்தச் சட்டத்தை வருஷா வருஷம் சொல்லிக் கொடுப்பவளே ஃப்ளோரன்ஸ்தான். பல்லிடுக்கில் ராத்திரியே தங்கியது தானாக இறங்கினால் பாதகமில்லை. வெளியிலிருந்து எடுத்து வாயில் போட்டு விழுங்கினால் போச்சு. "டீச்சர், கொசு போயிட்டா?" என்று ஒரு குட்டி கேட்டதற்கு, "கொசு சாப்பாடு இல்ல, உக்காரு" என்று அதட்டியவளும் அவள்தான். வெள்ளரிக்காய் சாப்பாடு இல்லையென்று எந்த வாயால் சொல்வது?

"யாருக்கும் தெரியாது டீச்சர். என் உசிரு போனாலும் சொல்ல மாட்டேன்" என்றாள் ரத்னா, குரலைத் தாழ்த்திக்கொண்டு.

சொல்ல மாட்டாள்தான். பேசாமல் போய் நாக்கை நீட்டிவிடலாமா என்று ஃப்ளோரன்ஸ் ஒரு நிமிஷம் நினைத்தாள். தெரிந்தே அப்படி வாங்கினால் அது பெரிய பாவம். கல்யாணத்தையே அந்தப் பாவத்தில் தொடங்குவதா? வாங்காமல் இருந்தாலோ, பீடத்துக்கு நேரே, எண்பது ஜோடிக் கண்ணுக்கு எதிரில், கல்யாணப் பெண் நன்மை வாங்கவில்லை என்று ஆகும். நன்மை வாங்காத கல்யாணப் பெண்ணைப் பற்றி சொல்லக் கூசுகிற பாவம் எதையோ செய்திருக்கிறாள் என்றுதான் பேசுவார்கள், அது சின்னப் பிள்ளைக்குக்கூடத் தெரியும். டோரதி சொல்லிக்கொண்டிருந்த 'ஏதோ'வுக்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்? வெள்ளரிக்காய் தின்றேன் என்று சொன்னால் சிரிப்பார்கள். இருந்தும், மிச்சமிருந்த ரொட்டிக்கெல்லாம் வெண்ணெய் தடவி, சாண்ட்விச்சை முக்கோணமாக வெட்டி, ஈரத் துணி போட்டு மூடிவிட்டுத்தான் எழுந்தாள்.

ஏழரைக்கு வெள்ளைப் பட்டும் தலையில் நெட்டு முக்காடுமாகக் கோயிலுக்குப் போனவள், சாமியார் உடை மாற்றுகிற அறைக்குள் நேரே நுழைந்தாள். சாமியாருக்கு உடுத்திவிட்டுக்கொண்டிருந்த கோயில்பிள்ளை அலறியடித்துக்கொண்டு வெளியே போனான். லியோனார்ட் சாமியார் எல்லாவற்றையும் கேட்டார். சிரிக்கவில்லை.

"கல்யாணம் செல்லும்மா. அதுக்கு ஒரு குறையும் இல்ல. நன்மைய நாளைக்கு வந்து வாங்கிக்க. இன்னைக்குக் குடுக்க எனக்கு அதிகாரம் இல்ல."

"ஜனங்க என்ன நினைப்பாங்க சாமி?"

"அதுக்கும் எனக்கு அதிகாரம் இல்லையேம்மா" என்றார் அவர்.

பூசை நடந்தது. தாலி ஏறியது. பாட்டுக்காரர்கள் வழக்கம்போல ராகத்தை இழுத்தார்கள். பீடத்துக்கு முன்னால் இருவர் மட்டும் முழங்காலில் இருக்கிற நேரத்தில், சாமியார் அப்பத்தை உயர்த்திக் காட்டுகிற எழுந்தேற்றத்துக்கு மணி அடித்து ஓய்ந்த பிறகு, ஃப்ளோரன்ஸ் தலையைத் திருப்பாமல் சொன்னாள்: "நான் இன்னைக்கு நன்மை வாங்கப் போறதில்ல."

வில்லியம் அவளைப் பார்த்தார். அவ்வளவுதான். ஒன்றும் கேட்கவில்லை.

சாமியார் கிண்ணத்தோடு படியிறங்கி வந்தார். முதலில் மாப்பிள்ளைக்கு. அப்பத்தை எடுத்து உயர்த்தினார். வில்லியம் வாயைத் திறக்கவில்லை. தலையை மட்டும் லேசாக ஆட்டினார், வேண்டாம் என்று. சாமியாருக்கே ஒரு கணம் கை அந்தரத்தில் நின்றுவிட்டது. பிறகு இருவரையும் கடந்து, மற்றவர்கள் நன்மைக்கு முழங்காலில் இருந்த கிராதிப் பக்கம் போய்விட்டார். பின்னால் பெஞ்சுகளில் புடவைகள் சரசரத்தன. ஃப்ளோரன்ஸுக்குக் காதெல்லாம் சூடாகிவிட்டது.

ஹாலில் சாண்ட்விச் பறந்தது. ரொட்டி நனையவில்லை, வில்லைகள் காகிதம் மாதிரி மெல்லிசு என்று மெச்சிக்கொண்டே ஜனங்கள் ஓரக்கண்ணால் மணமக்களைப் பார்த்தார்கள். டோரதி தட்டைக் கையில் எடுக்கக்கூட இல்லை. நேரே வந்தாள். நாலு மேஜைக்குக் கேட்கிற குரலில், "இன்னாடா வில்லியம், கல்யாணமும் அதுவுமா ரெண்டு பேரும் ஏன் நன்மை வாங்கல?" என்றாள். கேள்வி தம்பிக்கு, கண் ஃப்ளோரன்ஸ் மேல்.

தூரத்தில் டீ ஊற்றிக்கொண்டிருந்த ரத்னா கையைப் பிசைந்தாள்.

"நான் வாங்கற நிலைமையில இல்லக்கா" என்றார் வில்லியம், டீயை ஒரு வாய் குடித்துவிட்டு. "நான் வாங்காதப்போ அவ மட்டும் எப்படி வாங்குவா? அதான் விட்டுட்டா."

டோரதி திரும்பிப் போய்த் தட்டை எடுத்துக்கொண்டாள். அக்காவாகப் போனவள், சொந்தத் தம்பியை மேலே துருவிக் கேட்டால் யாருக்கு அவமானம்? மற்றவர்களுக்கு அந்தக் கவலை இல்லை. சாயங்காலத்துக்குள் வில்லியம் குடிக்கிறார் என்றார்கள். பெரம்பூரில் ஒரு குடும்பமே இருக்கிறது என்றும் சிலர் சொன்னார்கள். பாவம் அந்த டீச்சர், என்ன பொறுமை என்று ஃப்ளோரன்ஸை உச்சிமுகராத குறை. உண்மையை அங்கேயே போட்டு உடைத்திருக்கலாம். அவள் உடைக்கவில்லை. தப்பித்தால் போதும் என்று நின்றுவிட்டாள், அதை நினைத்து நினைத்து வெட்கப்பட்டாள்.

வெயில் தாழ்ந்ததும் ஜட்காவில் ராயப்பேட்டைக்குப் புறப்பட்டார்கள். டோரதி முன் வண்டியில் போய்விட்டாள். அவர்கள் இருவரும் தனியாக உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை. வண்டி லஸைத் தாண்டியது.

"நேத்துச் சாமியார்கிட்ட பாவசங்கீர்த்தனம் பண்ணீங்களா?" என்று ஃப்ளோரன்ஸ்தான் ஆரம்பித்தாள்.

"பண்ணேன்."

"காலையில ஏதாவது சாப்பிட்டீங்களா?"

"இல்லையே."

"பின்ன ஏன் வாங்கல? நான் ஏதோ தப்புப் பண்ணிட்டேன்னு நீங்க நினைக்கலையா?"

"நினைச்சேன்" என்றார் வில்லியம். "ரெண்டு மூணு விதமா நினைச்சேன்."

அவள் முகத்தில் அறைந்த மாதிரி இருந்தது. ஆனாலும், பொய் சொல்லாமல் சொன்னாரே என்று ஒரு நிம்மதியும் வந்தது. "என்னை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே?"

அவர் குதிரையின் முதுகைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "ஜோனை ஒருவாட்டி கேட்டேன். ஈஸ்டர் அன்னைக்கு, கோயில் வாசல்ல, அக்காவும் இன்னும் நாலு பேரும் நிக்கிறப்போ, ஏன்டி நன்மை வாங்கலன்னு கேட்டேன். அவளும் சொன்னா, எல்லார் முன்னாலயும். ஒண்ணுமில்லாத காரணம். அப்புறம் அஞ்சு வருஷம் எங்கூட இருந்தா. கேட்டா பதில் சொல்லுவா, தானா ஒண்ணு சொன்னதில்ல. கடைசியில காய்ச்சல் வந்ததைக்கூடச் சொல்லல. நாலாம் நாள் நானா கைய வச்சுப் பாத்தேன், நெருப்பா கொதிச்சுது. டாக்டர் வந்து, இத்தனை நாள் என்ன பண்ணீங்கன்னாரு."

ஜட்காக்காரன் நாக்கைச் சுழற்றிக் குதிரையை அதட்டினான். ராயப்பேட்டை ஹைரோடு வந்துவிட்டது. இனி ஐந்து நிமிஷத்தில் வீடு, வாசலில் டோரதி நிற்பாள். வில்லியம் அப்போதும் எதுவும் கேட்கவில்லை, கேட்கப் போவதும் இல்லை என்று ஃப்ளோரன்ஸுக்குப் புரிந்தது.

"வண்டிய ஓரமா கொஞ்சம் நிறுத்தச் சொல்லுங்க" என்றாள். வண்டி நின்றதும், கண்ணைத் துடைத்துக்கொண்டு, "விடியக்காலம் எங்க வீட்டு அடுப்படியில ஒண்ணு நடந்துச்சு, சொல்றேன்" என்று தானாகவே தொடங்கினாள்.