ரோஸ் நிற ஏப்ரன்

பதினேழு வருஷம் ஒரே அணிக்கு ஹேண்ட்பால் ஆடியவன் தியெபோ. முழங்கால் ஒத்துழைக்க மறுத்ததும் போன கோடையில் அதே அணிக்குக் கோச் ஆனான். பிரான்சின் அல்சாஸ் பகுதியில் இருந்த அந்தச் சின்ன ஊரே கைதட்டியது. வீட்டில் கைதட்டத்தான் ஆளில்லை. மனைவி அதற்கு முன்பே பிரிந்து போய்விட்டாள். போனால் போகட்டும், எனக்கு என் பசங்கள் இருக்கிறார்கள் என்று சொல்லிக்கொண்டான்.

ஆனால் கோச் ஆனவன் பஸ்ஸில் டிரைவருக்குப் பக்கத்தில் உட்கார வேண்டும். பின்வரிசையில் சீட்டாட்டம் நடக்கும், யாரோ சாசேஜ் பொட்டலத்தைப் பிரிப்பார்கள், சிரிப்பு வெடிக்கும். இவன் திரும்பிப் பார்த்தால் சிரிப்பு அடங்கிவிடும். மரியாதையாம்.

எல்லாவற்றையும்விட அவனை வாட்டியது அந்த ஏப்ரன். ஆட்டம் முடிந்ததும் கோச்சை வெளியே விட்டு உடை மாற்றும் அறையைச் சாத்திக்கொண்டு ஆட்டக்காரர்கள் ஓட்டுப் போடுவார்கள். அன்றைக்குப் பெரிய முட்டாள்தனம் செய்தவன் ரோஸ் நிற ஏப்ரனைக் கட்டிக்கொண்டு எல்லோருக்கும் பீர் ஊற்ற வேண்டும். ஓரமெல்லாம் லேஸ் வைத்த கண்றாவி அது. தியெபோ ஆடிய காலத்தில் அவனைவிட அதிகமாக அதைக் கட்டியவன் கிடையாது. "உனக்கே அளவெடுத்துத் தச்ச மாதிரி இருக்குடா டிட்டி" என்று பட்டப்பெயர் சொல்லிக் கிண்டலடித்துக்கொண்டே ஃப்ளோரன்தான் பின்னால் முடிச்சுப் போடுவான். இருபது வருஷ சிநேகிதன், இன்னும் ஆடிக்கொண்டிருப்பவன். வாங்கிய கோப்பைகளை நினைத்து தியெபோவுக்குக் கண் கலங்கியதில்லை. அந்த முடிச்சை நினைத்தால் கலங்கியது.

மே மாதம், பருவத்தின் கடைசி ஆட்டம். சமன் செய்தால் இந்தப் பிரிவிலேயே தங்கலாம், தோற்றால் கீழே இறங்க வேண்டும். ஃப்ளோரனுக்கோ ஜெயித்தாலும் தோற்றாலும் அன்றோடு ஆட்டத்துக்கே முழுக்கு.

கடைசி நிமிஷத்தில் ஒரு கோல் பின்தங்கியிருந்தார்கள். பந்து இவர்கள் கையில்தான் இருந்தது, ஆனால் என்ன செய்வதென்று தெரியாமல் ஆளாளுக்கு ஓடினார்கள். நேரக் கணக்கு பார்ப்பவரின் மேஜையில் கோச் பச்சை அட்டையை வைத்தால் ஆட்டம் நிற்கும், நின்று பேசலாம். தியெபோ ஓடிப்போய் வைத்தான். ஹாரன் அலறியது. அதற்கு அடுத்த கணம் ஃப்ளோரன் மூன்று பேருக்கு மேலே எம்பி அடித்த பந்து வலையில் விழுந்தது.

அரங்கமே எழுந்து குதித்தது. நடுவர் கையை ஆட்டினார். ஹாரன் முந்திவிட்டது, கோல் செல்லாது.

மறுபடி தொடங்கிய ஆட்டத்தில் கடைசிப் பந்து கம்பத்தில் பட்டுத் திரும்பியது. தோற்றார்கள். பிரிவும் போனது, ஃப்ளோரனின் கடைசிக் கோலும் போனது. அத்தனையும் ஒரு அட்டையால்.

தாழ்வாரத்தில் நின்ற தியெபோவுக்கு அழுகை முட்டியது. வெட்கக்கேடு, ஆனாலும் அந்த அழுகைக்கு நடுவிலும் ஒரு நப்பாசை. இன்றைக்கு வேறு யாருக்குப் போட முடியும் ஓட்டு? காறித் துப்பட்டும், வண்டை வண்டையாகத் திட்டட்டும். கட்டிக்கொண்டு பீர் ஊற்றலாம். உள்ளே சத்தமும் சிரிப்புமாக இருந்தது. தோற்ற அன்றைக்குத்தான் இவர்கள் அதிகம் சிரிப்பார்கள் என்று அவனுக்குத் தெரியும். கதவைத் தட்டினான்.

சிரிப்பு நின்றது.

"ஓட்டுப் போட்டாச்சா?"

"ஆச்சு, கோச்" என்றான் ஒருவன். கோல்காவலன் யானிஸ் ஏப்ரனோடு பெஞ்சிலிருந்து எழுந்து நின்றான்.

"யானிஸா? அவன் என்ன பண்ணான்?"

"முதல் பாதியில கால் இடுக்குல ஒண்ணு விட்டேனே, கோச்."

"அட போங்கடா. கண்ணு தெரியலையா உங்களுக்கு? அட்டைய வெச்சது நான். ஃப்ளோரன், நீ சொல்லு. இதவிடப் பெரிய முட்டாள்தனம் இந்த ரூம்ல யாராவது பண்ணியிருக்கானா? அந்தக் கருமத்த எங்கிட்டக் குடு."

ஃப்ளோரன் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தான். கண் சிவந்திருந்தது. திட்டப் போகிறான் என்று தியெபோ நினைத்தான், நெஞ்சு அதற்காகவே அடித்துக்கொண்டது.

"அது கோச்சோட முடிவு" என்றான் ஃப்ளோரன். "அந்த நேரத்துல யாரா இருந்தாலும் அட்டைய வெச்சிருப்பாங்க. மனசுல வெச்சுக்காத."

"திட்டுடா."

"எதுக்குத் திட்டணும்? இந்த வருஷம் பூரா எங்களுக்காக எவ்வளவோ பண்ணியிருக்க. நன்றி, கோச்."

கை நீட்டினான். தியெபோ குலுக்கினான். பத்துப் பதினைந்து பேர் துணி மாற்றாமல், தரையைப் பார்த்தபடி அவன் போவதற்காகக் காத்திருந்தார்கள்.

வெளியே வந்து கதவைச் சாத்தினான். உள்ளே ஒரு பேச்சுமூச்சு இல்லை. பாவம், கோச் இன்னும் கதவுக்குப் பின்னால்தான் நிற்கிறார் என்று நினைக்கிறார்கள். தியெபோ ஷூ அதிரும்படி ஓங்கி ஓங்கி மிதித்துக்கொண்டு தாழ்வாரத்தின் கடைசிவரை நடந்தான். அங்கே போய்ச் சேர்ந்த பிறகுதான் உள்ளே சிரிக்க ஆரம்பித்தார்கள்.