அத்தை வைத்த பாட்டு

அத்தை செல்போனை அப்பாவின் காதோரம் தலையணையில் சாய்த்து வைக்கப் போனபோது, மேனகா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"வேணாம் அத்த. பாட்டு கீட்டு எதுவும் வைக்கக் கூடாதுன்னு எங்கிட்ட சத்தியம் வாங்கியிருக்காரு."

"சாமியே இல்லன்னவன் எதுமேலடி சத்தியம் வாங்குனான்?"

தணிகாசலம் என்று முருகன் பேரை வைத்துக்கொண்டே ஐம்பது வருடம் சாமி இல்லை என்று முத்தியால்பேட்டை முழுக்கப் பேசியவர் அப்பா. கோயில் ஒலிபெருக்கி பாட ஆரம்பித்தால் எழுந்துபோய் ஜன்னலைச் சாத்துவார். கதிர்காமம் ஆஸ்பத்திரியில் வீட்டுக்குக் கொண்டுபோகச் சொல்லி இரண்டு நாளாகிறது. பேச்சு நின்றுவிட்டது, மூச்சு மட்டும் இழுத்துக்கொண்டிருக்கிறது. இனி அவருக்காக ஜன்னலைச் சாத்த வேண்டியவள் மேனகாதான்.

"கூடப் பொறந்தவடி நானு. இந்த ஒண்ணாவது செஞ்சிக்கிறேன்," என்று அமிர்தவல்லி அத்தை அழுதாள். எழுபத்தாறு வயதில் பாகூரிலிருந்து பஸ் மாறி வந்திருக்கிறாள். மேனகாவின் பிடி தளர்ந்தது.

ஓதுவார் குரலில் சிவன் பாட்டு ஆரம்பித்தது. அப்பாவின் புருவம் நெரிந்தது. மேனகாவுக்குக் கடைசி நேரத்தில் அவரைக் காட்டிக்கொடுத்துவிட்டோம் என்று இருந்தது.

இரண்டாவது அடியில் பாட்டு அறுந்தது. "சொந்த மனை வாங்க ஆசையா? பத்திரச் செலவு இலவசம்! இன்றே வாருங்கள்!" என்று ஒருவன் உற்சாகமாகக் கத்தினான்.

"அப்பாடா," என்றார் அப்பா.

தெளிவாகத்தான் சொன்னார். அதே குரல், அதே நக்கல். மேனகாவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. அத்தை விளம்பரத்தைத் தள்ளத் தெரியாமல் திரையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். அது முடிந்து பாட்டு திரும்பி வருவதற்குள் மூச்சு நின்றிருந்தது.

சாயங்காலம் வந்தவர்களிடமெல்லாம் அத்தை சொன்னாள்: "சிவன் பாட்டக் கேட்டதும் அப்பாடான்னான் எந்தம்பி. அப்டியே அடங்கிட்டான். வேணும்னா மேனகாவக் கேளுங்க."

"ஆமா அத்த," என்றாள் மேனகா. இரண்டு நாளில் முதல்முறையாக அவளுக்குப் பசித்தது.

குளிப்பாட்டி முடிந்ததும் பீரோவிலிருந்து அப்பாவின் கருப்புச் சட்டையை எடுத்து வந்து நின்றாள். அத்தை சட்டையைப் பார்த்தாள், தம்பியைப் பார்த்தாள். கையில் எடுத்து வைத்திருந்த விபூதியை முந்தானையில் துடைத்துக்கொண்டு, விறைத்துப்போன அவர் கையைத் தூக்கிப் பிடித்தாள்.

"ம், மாட்டு."