தோளில் இருந்த கை

மதுரையிலிருந்து வக்கீல் பெஞ்சமின் கூப்பிட்டபோது சண்முகப்பிரியா தென்காசியில் தான் வேலை பார்க்கும் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் இருந்தாள். அழுகிற குழந்தையை அதன் அம்மாவிடம் கொடுத்துவிட்டு வெளியே வந்து பேசினாள்.

"உங்க அண்ணன் கொலைக் கேஸ்ல ஐகோர்ட்டு அப்பீல் தீர்ப்பு வந்திருச்சும்மா. குற்றாலீஸ்வரனும் அவன் தம்பியும் ஆயுள் தண்டனை அனுபவிக்கணும்னு சொல்லிட்டாங்க. மந்திரமூர்த்தியை மட்டும் விடுதலை பண்ணிட்டாங்க."

"அப்ப என் சாட்சியை நம்பலையா சார்?"

"நம்பினதாலதான் அந்த ரெண்டு பேரும் உள்ள இருக்காங்க. மூணு பேருக்கும் ஒரே எண்ணம் இருந்தாத்தான் குத்தாதவனும் குத்தினவனுக்குச் சமம். உங்க அண்ணன் தோளை மூர்த்தி பிடிச்சிருந்தான்னு நீங்க சொன்னீங்க. அவன் இழுத்து விலக்கப் பார்த்தான்னு பஜ்ஜிக்கடை சனோபர் சொன்னாங்க. கடைக்கு வர்றவனுக்குப் பரிஞ்சு பேசுறாங்கன்னு கீழ்க் கோர்ட் அதை ஒதுக்கிட்டுது. ரெண்டு பேரும் உண்மையே சொல்லியிருக்கலாம்னு இப்ப சொல்றாங்க. அந்தச் சந்தேகம் அவனுக்குச் சாதகமாயிட்டுது."

மேலகரத்து வீட்டில் அம்மா முத்துவடிவு கேட்டதும் கொதித்துப்போனாள். "டெல்லிக் கோர்ட்டுக்கே போவோம்ட்டி. கத்தி எடுத்தவன் எவனோ. இவன் என் கையால சோறு தின்ன பய. இவனத்தான் விடக் கூடாது."

அம்மா சொன்னது பொய்யில்லை. அண்ணன் உமாசங்கரும் மூர்த்தியும் ஒரே தட்டில் தின்று வளர்ந்தவர்கள். சாரல் விழ ஆரம்பித்துவிட்டால் பள்ளிக்கூடம் விட்டதும் ஐந்தருவிக்கு ஒரே சைக்கிளில் மூன்று பேர். அண்ணன் மிதிப்பான், பின்னால் மூர்த்தி, முன்கம்பியில் பிரியா. ஈரத்துணியோடு நடுங்கிக்கொண்டே மிளகாய் பஜ்ஜியைப் பிய்த்து ஊதி ஊதித் தின்பார்கள். மங்குஸ்தான் கறை படிந்த சட்டைக்கு அம்மா அடிக்க வந்தால், அடி மூர்த்திக்கும் சேர்த்துத்தான் விழும்.

பிற்காலத்தில் அண்ணன் சீசனுக்கு மெயின் அருவிப் பக்கம் பழக்கடை போட்டான். கடை போடும் இடத்துக்காகக் குற்றாலீஸ்வரனோடும் அவன் தம்பி அய்யாக்குட்டியோடும் தகராறு. அந்த வருஷம் ஏதோ சில்லறைக் கோபத்தில் மூர்த்தி அவர்கள் கடைக்கு வேலைக்குப் போயிருந்தான். அண்ணனுக்கு மத்தியானச் சோறு கொண்டுபோன பிரியா, கூட்டத்துக்குப் பின்னாலிருந்து பார்த்தாள். அய்யாக்குட்டி அண்ணனின் கையை முறுக்கினான். குற்றாலீஸ்வரன் குத்தினான். பின்னால் நின்ற மூர்த்தியின் கை அண்ணனின் தோளில் இருந்தது. அவன் வாய் அசைந்தது. 'குத்து' என்று ஏவுகிறான் என்றே இத்தனை வருஷமும் நினைத்திருந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை யாரிடமும் சொல்லாமல் குற்றாலம் போனாள். அந்த நாளுக்குப் பிறகு அவள் அங்கே கால் வைத்ததே இல்லை. நல்ல சீசன். சாரலும் எண்ணெய் வாசனையும் பஜ்ஜிப் புகையும் அப்படியே இருந்தன. தான் நின்ற இடத்தில் போய் நின்றாள். எதிரே ஒரு தகப்பன் பிள்ளைகளைக் கூப்பிட்டுக் கத்திக்கொண்டிருந்தான். வாய்தான் அசைந்தது. அருவி இரைச்சலில் ஒரு சொல்லும் கேட்கவில்லை.

சனோபர் அவளை அடையாளம் கண்டு அடுப்பை விட்டு எழுந்து வந்தார். "நான் பக்கத்துல நின்னேம்மா. 'விட்டுருங்கலே, விட்டுருங்க'ன்னு அவன் கத்துனது என் காதுல விழுந்துச்சு. நீ அங்கன நின்னே. உனக்கு எப்படிக் கேட்கும்?"

அடுத்த வாரம் மூர்த்தியே பரிசோதனைக் கூடத்து வாசலுக்கு வந்தான். தலை பாதி நரைத்திருந்தது. ரோட்டோர வேப்பமரத்தடியில் தள்ளியே நின்றான்.

"கத்தி இருந்தது எனக்குத் தெரியாது பிரியா. பேசித் தீர்க்கத்தான் போறோம்னு கூட்டிட்டுப் போனாங்க."

"தோளைப் பிடிச்சீங்கள்லா?"

"பிடிச்சேன்."

"எதுக்குண்ணே?"

அவன் தன் கையைத் திருப்பிப் பார்த்தான். "இழுக்கத்தான் பிடிச்சேன்னு நினைக்கேன். ஜெயில்ல கிடந்து நினைச்சு நினைச்சு, இப்ப எனக்கே குழம்புது. நான் பிடிக்காம இருந்திருந்தா சங்கரு திமிறி ஓடிருப்பானோ? நல்லா இழுத்திருந்தா பிழைச்சிருப்பானோ? கோர்ட்டு என்னை விட்டுட்டுது. இந்தக் கேள்வி விடமாட்டேங்குது."

தனக்குக் கோபம் வரும் என்றுதான் பிரியா நினைத்தாள். அழுகைதான் வந்தது. இத்தனை வருஷமும் அண்ணனை நினைக்கும்போதெல்லாம் மூர்த்தியை வெட்டி எறிந்துவிட்டே நினைக்க வேண்டியிருந்தது. அவனை எடுத்துவிட்டால் அண்ணனின் சின்ன வயதில் பாதி காணாமல் போனது.

"நான் பார்த்ததைத்தான் சொன்னேன்" என்றாள்.

"தெரியும்ட்டி. நீ பொய் சொன்னேன்னு ஒருநாளும் நினைக்கல."

அன்று சாயங்காலம் அவள் பெஞ்சமினுக்கு ஃபோன் செய்து, மூர்த்தி மேல் இனி வழக்கு வேண்டாம் என்றாள். அம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "உனக்கு அண்ணனை விட அவன் பெருசாப் போயிட்டான்" என்றாள். அதற்குப் பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவிடவில்லை. மூர்த்தியின் பெயர் இன்றுவரை அந்த வீட்டில் சொல்லக்கூடாத பெயர்தான்.

மூர்த்தி இப்போது ஆய்க்குடியில் ஒரு மரக்கடையில் வேலை பார்க்கிறான். போன மாசம் தென்காசி பஸ் ஸ்டாண்டில் பார்த்தபோது, பஸ் வரும்வரை இருவரும் டீ குடித்தார்கள். வெயிலோடு சேர்ந்து லேசாகத் தூறியது.

"சங்கரு சைக்கிள் சாவியை அருவியில விட்டுட்டு நின்னானே, ஞாபகம் இருக்கா? பின்சக்கரத்தைத் தூக்கிக்கிட்டே மேலகரம் வரைக்கும் நடந்தோம்" என்றான் மூர்த்தி.

"சாவியை விட்டது அண்ணன் இல்ல, நீங்க."

"நானா? போ ட்டி. அவன் டவுசர்ப் பையில ஓட்டை."

"ஓட்டை உங்க டவுசர்ல. எங்கம்மாதான் தைச்சுக் கொடுத்தா."

அதை யாரிடம் போய்க் கேட்பது? ஆய்க்குடி பஸ் வந்து நின்ற பிறகும் இருவரும் விட்டுக்கொடுக்கவில்லை. படியில் ஏறி நின்றபடி, "அவன்தாம்ட்டி!" என்று சிரித்துக்கொண்டே கத்தினான் மூர்த்தி.