கேமராவுக்கு முதுகு காட்டியவர்

காரைக்கால்மேட்டுக் கடற்கரையில் துப்பட்டா நுனியை விரலில் முறுக்கிக்கொண்டு நின்றாள் சிவப்ரியா. கரையிலிருந்து சற்றுத் தள்ளி, கழுத்தளவு தண்ணீரில் அவள் கணவர் யானுஷ் செத்துக்கொண்டிருந்தார். நடிப்புதான். காலையிலிருந்து அப்படிச் சொல்லித்தான் மனசைத் தேற்றிக்கொண்டிருந்தாள்.

யானுஷுக்கு அறுபத்திரண்டு வயது. போலந்தில், கிராக்கோவ் நகர மேடைகளில் முப்பது வருடம் ராஜாவாகவும் பிச்சைக்காரனாகவும் நின்றவர். பிறகு சினிமா. தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் போலீஸ் அதிகாரியாக வந்து வீட்டுக்கு வீடு தெரிந்த முகமானார். அங்கே வேலைக்குப் போயிருந்த விழிதியூர்ப் பெண் ஒருத்தி, பாதி மொழி புரியாமலே அவர் நாடகத்தை நான்கு தடவை பார்த்தாள். ஐந்தாவது தடவை அவரே வெளியே வந்து காரணம் கேட்டார். கல்யாணமாகிப் பதினெட்டு வருடம்.

கடைசி எட்டு வருடம் யாரும் அவரைக் கூப்பிடவில்லை. இருவரும் அவள் ஊர்ப்பக்கமே வந்துவிட்டார்கள். போன வருடம் இருதயத்தில் ஸ்டென்ட் வைத்தார்கள். ஊர்ப் பையன் இஃபாத் தான் இயக்கும் முதல் படத்தில், கப்பல் உடைந்து தத்தளிக்கும் மாலுமி வேடத்துக்குக் கேட்டதும் யானுஷ் அவளைத் தனியே கூப்பிட்டார். ஸ்டென்ட் விஷயத்தை அவனிடம் சொல்லக் கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டார்.

"என்ன தங்கச்சி, மாப்ள அச்சு அசலா சாவுறாரு. வீட்டுலயும் இப்புடித்தானா?" என்றார் பாதுகாப்புக்கு நின்ற படகுக்காரர் மருதையன்.

"சும்மா இருங்கண்ணே."

இஃபாத் கட் சொல்லும்வரை படகு தண்ணீருக்குள் இறங்கக் கூடாது என்பது ஏற்பாடு. அவன் கண் மானிட்டரிலேயே இருந்தது.

யானுஷ் மூழ்கினார். எழுந்தார். எழுந்தபோது அவர் முகம் கடலைப் பார்த்திருந்தது.

சிவப்ரியா துப்பட்டாவை விட்டாள். எங்கே செத்தாலும் பார்க்கிறவர்கள் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு சாகிறவர் அவர். ஒருமுறை மேடைப்படியில் விழுந்து மணிக்கட்டு முறிந்தும், மிச்சக் காட்சியை முடித்து, குனிந்து வணங்கிவிட்டுத்தான் மயங்கினார். வீட்டில் காய்ச்சலென்று படுத்தாலும் வாசலைப் பார்த்துத்தான் படுப்பார்.

"அண்ணே, போங்க. நெசமாவே முங்குறாரு."

"தம்பி கட் சொல்லலியே?"

"கேமராவுக்கு முதுக காட்டுறாருண்ணே. அவரு காட்ட மாட்டாரு."

மருதையனுக்கு அது விளங்கவில்லை. அவள் முகம் விளங்கியது. படகைத் தள்ளி ஏறினார். "ஷாட் போகுதுண்ணே" என்று இஃபாத் கத்தினான். சிவப்ரியா இடுப்பளவு தண்ணீருக்குள் ஓடினாள். தலை தெரிந்தது. மறைந்தது. அலை ஒன்று வந்து போனது, தலையைக் காணோம். இன்னொன்றும் வந்து போனது. படகு குறுக்கே வந்து எல்லாவற்றையும் மறைத்துக்கொண்டது.

மருதையன் கொண்டுவந்து மணலில் போட்டபோது யானுஷின் உதடு நீலம் பாரித்திருந்தது. இருமித் தண்ணீரைக் கக்கினார். சிவப்ரியா துண்டைப் போர்த்தி அணைத்துக்கொண்டாள்.

இஃபாத் வெளிறிப்போய் நின்றான். "மேடம், நான் நடிப்புன்னுதான்..."

யானுஷ் எழுந்து உட்கார்ந்தார். மூச்சு விசிலடித்தது. ஆனாலும் சிரித்தார். "முகம் கேமராவில் விழுந்திருக்காது. இன்னொரு டேக் போகலாம். நான் தயார்" என்றார் ஆங்கிலத்தில்.

"முடியுமா சார்?" இஃபாத்தின் குரலில் ஆசை எட்டிப் பார்த்தது.

"முடியும்."

துண்டுக்கு அடியில் அவர் கை அவள் கையைப் பிடித்திருந்தது. நகம் பதிகிற பிடி. அவர் பயந்து அவள் பார்த்ததில்லை. எந்த இயக்குநரிடமும் முடியாது என்று அவர் சொல்லியும் கேட்டதில்லை.

"முடியாது தம்பி" என்றாள் சிவப்ரியா. "அவருக்கு நெஞ்சுல ஸ்டென்ட் இருக்கு. ஒங்ககிட்ட மறைச்சது நான்தான். அவரு தயார்தான், நான் விடமாட்டேன்."

யானுஷ் போலிஷ் மொழியில் சீறினார். கடைசி வேடத்தையும் கெடுத்துவிட்டாய், எனக்காகப் பேச நீ யார் என்றார். கடைசி வரிசைவரை எட்டும் பழைய மேடைக்குரல். இஃபாத் தலையைக் குனிந்துகொண்டான்.

துண்டுக்கு அடியில் அந்தக் கை மட்டும் அவளை விடவில்லை. அவள் கட்டைவிரலால் அவர் மணிக்கட்டைத் தேடினாள். நாடி ஓடியது, தடுமாறியது, மறுபடி ஓடியது.

"மருதையண்ணே, வண்டிய எடுங்க. ஆஸ்பத்திரிக்குப் போவணும்" என்றாள்.