தன் பந்தைத் தானே பிடித்தவர்

1

இந்தக் கதை ஓர் உடைந்த கடைவாய்ப் பல்லில் பிறந்தது. இலக்கியத்துக்கு இதைவிடக் கௌரவமான பிறப்பிடங்கள் உண்டு, எனக்கு வாய்த்தது இதுதான். நான் அமெரிக்காவின் ஈரி நகரத்தில் பல் மருத்துவர். பகலெல்லாம் வாய்களைப் பார்க்கிறேன், ஒழிந்த நேரத்தில் தமிழில் கதை எழுதுகிறேன். இந்த ஊரில் ஒருவராலும் என் கதையைப் படிக்க முடியாது. அதனால் எல்லோரும் என்னை நல்ல எழுத்தாளர் என்று நம்புகிறார்கள்.

போன செவ்வாய்க்கிழமை, வரவேற்பு மேசையில் இருக்கும் லொரேன் கதவைத் திறந்து தலையை நீட்டினாள்.

"டாக்டர், செல்ஃப் சர்வீஸ் வந்திருக்காரு. பல்லு பேந்துடுச்சாம்."

"யாரு பேத்தது? அவரே பேத்துக்கிட்டாரா?"

லொரேன் விழுந்து விழுந்து சிரித்தாள். கதவு திறந்துதான் இருந்தது. உள்ளே வந்தபோது அவருடைய காது இரண்டும் சிவந்திருந்தன.

அவர் பெயர் வெண்டல் க்ராட்ஸ். அறுபத்தொரு வயது. ஒரு காலத்தில் ஈரி அணியின் குவார்ட்டர்பேக்.

(குவார்ட்டர் என்று படித்ததுமே உங்கள் மனம் எந்தக் கடைக்குப் போனது என்று தெரியும். திரும்பி வாருங்கள். அமெரிக்கக் கால்பந்தில் பந்தை எறிகிறவருக்கு அதுதான் பெயர். இனிமேல் எறிகாரர் என்றே எழுதுகிறேன். ஒவ்வொரு பத்தியிலும் உங்களைக் கடையிலிருந்து கையைப் பிடித்துக் கூட்டிவர என்னால் ஆகாது.)

2

தொடக்கம் ஒன்று: "ஏரிக்காற்று ஊசியாய்க் குத்திய அந்த நவம்பர் மாலையில், ஐம்பதாயிரம் தொண்டைகள் ஒரே குரலில்—"

வேண்டாம். ஐம்பதாயிரம் தொண்டைகள் ஒரே குரலில் கத்தாத விளையாட்டுக் கதை ஒன்றை யாராவது எழுதினால் நானே விலை கொடுத்து வாங்குவேன்.

தொடக்கம் இரண்டு: "வெண்டலின் வலது கை, கடவுள் சாவகாசமாக உட்கார்ந்து செய்த—"

பச்சைப் பொய். அது சாதாரணக் கை. முதல் எறிகாரருக்கு முழங்கால் போனதால் இவரை இறக்கினார்கள். அதற்கு முன்பு இரண்டு வருடம் தொப்பியைப் போட்டுக்கொண்டு பெஞ்சைத் தேய்த்தவர்.

தொடக்கம் மூன்று, அலங்காரம் இல்லாமல்: ஒரே ஆட்டத்தில் ஓர் எறிகாரர் எறிந்தே சேர்த்த அதிகபட்ச தூரம் என்ற லீக் சாதனையை, வெண்டல் க்ராட்ஸ் ஒரு ஞாயிற்றுக்கிழமை முறியடித்தார். அரை நிமிடத்தில் அதைத் தானே திருப்பிக் கொடுத்தார்.

இது போதும்.

3

கொஞ்சம் கணக்குச் சொல்ல வேண்டும். பயப்படாதீர்கள். எறிந்த பந்தைத் தன் அணி ஆள் பிடித்து எத்தனை கஜம் முன்னேறினாலும், அது எறிந்தவர் கணக்கில் ஏறும். பிடித்த ஆள் ஆட்டம் தொடங்கிய கோட்டுக்குப் பின்பக்கம் மாட்டிக்கொண்டு விழுந்தால், அந்தக் கஜங்கள் எறிந்தவர் கணக்கில் கழியும். யாரும் பிடிக்காமல் பந்து தரையில் விழுந்துவிட்டால் ஏறாது, இறங்காது. கணக்கு இவ்வளவுதான்.

சாதனை எத்தனை கஜம் என்று கேட்காதீர்கள். எண்ணைச் சொன்னால் உங்களில் ஒருவர் கைபேசியில் தேடிப் பார்த்துவிட்டு, அப்படி ஓர் ஆட்டமே நடக்கவில்லை என்று எனக்கு எழுதுவார். நடக்கவில்லைதான். இந்தக் கதைக்குள் நடந்தது, நமக்கு அது போதும்.

எதிரணி அக்ரன். முதல் பாதியிலேயே ஈரியைத் துவைத்துக் காயப்போட்டுவிட்டார்கள். அதற்கப்புறம் அவர்களுக்கு வீட்டுக்குப் போகிற அவசரம். எவ்வளவு வேண்டுமானாலும் எறிந்துகொள் என்று மைதானத்தைத் திறந்துவிட்டார்கள். இந்தச் சாதனைகளின் குட்டு இதுதான்: தோற்கிற அணிதான் எறிந்துகொண்டே இருக்கும். மண்ணைக் கவ்விக்கொண்டே சரித்திரத்தில் இடம்பிடிக்கிற வசதி இந்த விளையாட்டில் மட்டும்தான் உண்டு. இல்லை, அரசியலிலும் உண்டு.

கடைசி நிமிடத்தில் ஒலிபெருக்கி அறிவித்தது: பழைய சாதனையைவிட நான்கு கஜம் கூடுதல். காரை எடுக்கக் கிளம்பிய கூட்டம் திரும்பி ஓடிவந்தது. தோற்றதையெல்லாம் மறந்துவிட்டு, வெண்டல் வெண்டல் என்று ஆடினார்கள். இனி அவர் செய்ய வேண்டியது ஒன்றுமில்லை. பந்தை வாங்கி முழங்காலை மடித்து உட்கார்ந்தால் கடிகாரம் ஓடி முடிந்துவிடும். உட்காருவதற்கு எறிகிற கணக்கில் கழிவு கிடையாது.

பயிற்சியாளர் பிஞ்சோட்டி அவரைக் கூப்பிட்டார்.

"இன்னொண்ணு போட்றா."

"எதுக்கு கோச்? அதான் ஆயிடுச்சே."

"டிவிக்காரன் இப்பதான்டா நம்ம பக்கம் திரும்பியிருக்கான். இவ்ளோ நேரம் நாம அடி வாங்குறதப் பாக்க சகிக்காம எவனோ பீர் குடிக்கறதக் காட்டிக்கிட்டிருந்தான். போட்றா."

(பிஞ்சோட்டி இப்படிப் பேசவில்லை. அவர் பேசியதை உள்ளபடி தமிழில் தந்தால் எந்தப் பத்திரிகையும் தொடாது. இந்த "டா" நான் அவருக்குக் கொடுத்த நன்னடத்தைச் சான்றிதழ்.)

வெண்டல் எறிந்தார். எதிரே டைரஸ் என்று அக்ரனின் மலைபோன்ற தடுப்பாட்டக்காரன் கையைத் தூக்கிக்கொண்டு நின்றான். பந்து அவன் கையில் பட்டு, செங்குத்தாக மேலே போய், வெண்டலை நோக்கியே இறங்கி வந்தது. அவர் விலகியிருக்கலாம். கையைக் கட்டிக்கொண்டு நின்றிருக்கலாம். பந்து தரையைத் தொட்டிருக்கும், ஏறாது, இறங்காது, சாதனை நிலைத்திருக்கும்.

அவர் பிடித்தார்.

மறுநொடி டைரஸ் அவர்மேல் விழுந்தான். பின்னால் ஆறு கஜம். எறிந்தவரும் அவரே, பிடித்தவரும் அவரே, கழிவும் அவருக்கே. நான்கில் ஆறு போனால் என்ன ஆகும் என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள். அதே ஒலிபெருக்கி, அதே குரலில், ஒரு திருத்தம் என்று ஆரம்பித்தது. கூட்டம் சிரிக்கத் தொடங்கியது. முப்பத்துநான்கு வருடமாக இன்னும் நிறுத்தவில்லை. மறுநாள் காலை பெட்ரோல் பங்கில் ஒருவன், "சாருக்கு செல்ஃப் சர்வீஸ்தானே?" என்று கேட்டான். அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது.

5

(நான்காம் பகுதியில் வெண்டலின் குழந்தைப் பருவம் இருந்தது. அப்பா கண்டிப்பானவர், அம்மா ஜன்னலோரம் அழுதார். அடித்துவிட்டேன். பந்தைப் பிடித்ததற்கு அப்பாவா பொறுப்பு?)

நாற்காலியில் சாய்த்து, மரத்துப்போக ஊசி போட்டுவிட்டுக் காத்திருந்தேன். உதடு தொங்குவதற்குள் பேசி முடித்துவிட வேண்டும் என்பதுபோல வெண்டல் அவசரமாக ஆரம்பித்தார்.

"டாக்டர், வர்ற ஞாயித்துக்கிழமை நம்ம ஈரி கிளப்புக்கு விழா, தெரியும்ல?"

"ஊரே அதத்தானே பேசுது."

"ஆட்டத்து இடைவேளைல என்னைய மைதானத்துக்குக் கூப்பிடுறாங்க. அக்ரன்லேர்ந்து டைரஸும் வர்றான். முட்டிய மாத்திட்டு தாங்கித் தாங்கி நடக்குறான் பாவம். அவன் பந்தத் தட்டணும், நான் பிடிக்கணும். மறுபடியும்."

"எதுக்கு?"

"சிரிக்கத்தான். காசு போட்டுத் துவைக்கிற லாண்டரிக்காரன் ஒருத்தன் செலவ ஏத்துக்கறான். செல்ஃப் சர்வீஸ்னு பனியன் அடிச்சு எல்லாருக்கும் இலவசமாக் குடுக்கறான்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. முகமூடியால் பிழைத்தேன்.

"போகாதீங்க."

"போகலேன்னா கோழைம்பாங்க. போனா கோமாளி. என் பொண்டாட்டி மார்லா, போனா வீட்டுக்கே வராதேங்கறா."

ஊரில் எல்லா மேதாவிகளும் சொல்கிற ஆறுதலை நானும் எடுத்துவிட்டேன். "வெண்டல், அந்தச் சாதனை இப்ப யாருகிட்ட இருக்கு? பேரச் சொல்லுங்க பாப்போம். லொரேனுக்குத் தெரியாது, எனக்கும் தெரியாது. அன்னிக்கு நீங்க பந்த விட்டிருந்தா உங்களையும் மறந்திருப்பாங்க. பிடிச்சதாலதான் இன்னும் ஞாபகம் வெச்சிருக்காங்க."

அவர் கூரை விளக்கையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஞாபகம் வெச்சிருக்கறது வேற, மதிக்கறது வேற டாக்டர். உங்களுக்கு ரெண்டும் சேந்தே கிடைச்சதால வித்தியாசம் தெரியல."

நல்ல குத்து. வாங்கிக்கொண்டேன்.

(இந்த இடத்தில் எனக்குப் பாத்திரத்தின்மேல் சந்தேகம் வந்தது. இவ்வளவு கச்சிதமாகப் பேசுகிறவர் அன்று ஏன் அப்படி மடத்தனம் செய்தார்? பழக்கதோஷம் என்று எழுதினேன், அடித்தேன். பதற்றம் என்று எழுதினேன், அடித்தேன். டைரஸ் பிடித்துவிடுவான் என்ற பயம் என்று எழுதினேன். ஏற்கெனவே கவிழ்ந்த கப்பலில் அவன் பிடித்தால் என்ன, பிடிக்காவிட்டால் என்ன? அதையும் அடித்தேன். கடைசியில் கேட்டே விட்டேன்.)

"ஏன் பிடிச்சீங்க?"

"எல்லாரும் கேக்கறதுதான்."

"எல்லார்கிட்டயும் என்ன சொல்வீங்க?"

"தெரியலைம்பேன்."

"தெரியாதா?"

உதடு மரத்துக்கொண்டிருந்தது. வார்த்தைகள் குழறி வந்தன.

"அன்னிக்கு மத்தியானம் பூரா போட்டுக்கிட்டே இருந்தேன் டாக்டர். தோள் கழண்டு போச்சு. அத்தனையும் அடுத்தவனுக்கு. நான் போடுவேன், அவன் பிடிச்சுட்டு ஓடுவான், கூட்டம் கத்தும். நான் அப்பல்லாம் கீழ கிடப்பேன், எவனாவது மேல உக்காந்திருப்பான். கடைசில ஒரு பந்து என்கிட்ட வந்துச்சு. எனக்கே எனக்குன்னு. கைல சொத்துனு விழுந்துச்சு பாருங்க. நல்லா இருந்துச்சு. அவ்வளவுதான். இத மார்லாகிட்டகூடச் சொல்லல. சொன்னா இன்னும் சிரிப்பாங்க."

எனக்கு அழுகை வந்தது. அதற்கும் அந்த முகமூடிதான் காப்பாற்றியது.

பல்லைச் சீவிச் சுத்தம் செய்து தற்காலிக மூடி வைத்தேன். வாயைத் துடைத்துக்கொண்டு எழுந்தவர் கதவருகே நின்றார்.

"நீங்க கதை எழுதுவீங்கல்ல. இத எழுதுங்க."

"எழுதினா யாரு படிப்பா? இங்க ஒருத்தருக்கும் தமிழ் தெரியாது."

"அதுக்குத்தான் சொல்றேன். இந்த ஊர்ல எவனக் கேட்டாலும் அவன் அதப் பாத்திருக்கான். பாத்து சிரிச்சிருக்கான். உங்க ஆளுங்க ஒருத்தரும் பாத்ததில்ல. அவங்ககிட்ட கேளுங்க, ஞாயித்துக்கிழமை நான் பிடிக்கணுமா, கீழ விடணுமான்னு. அவங்க சொல்றத செய்யறேன்."

6

மூன்று முடிவுகள் எழுதிப் பார்த்தேன்.

அ. விடுகிறார். பந்து புல்லில் விழுந்து உருள்கிறது. பனியனை மாட்டிக்கொண்டு காத்திருந்த ஐம்பதாயிரம் பேருக்கு (பாருங்கள், அந்த ஐம்பதாயிரம் எப்படியோ உள்ளே நுழைந்துவிட்டது) என்ன செய்வதென்று தெரியவில்லை. யாரோ ஒருவர், "இத அன்னிக்கே செஞ்சிருக்கலாம்ல" என்கிறார். திரும்பவும் சிரிப்பு. ஆனால் வெண்டல் தலைநிமிர்ந்து நடந்து போகிறார். தலைநிமிர்ந்து என்ற சொல் எனக்கே உறுத்துகிறது. பள்ளி ஆண்டு மலரில் வருகிற சொல்.

ஆ. பிடிக்கிறார். சொத்தென்று கையில் விழுகிறது. மறுபடி நன்றாக இருக்கிறதா? லாண்டரிக்காரன் செலவில் வாங்கிக் கொடுத்த பந்து அப்படி இருக்குமா என்று எனக்குத் தெரியவில்லை. அவருக்கென்று இருந்தது அந்த ஒரு நொடிதான். அதையும் விளம்பரத்துக்குக் கொடுத்த மாதிரி ஆகிவிடும்.

இ. போகவே இல்லை. கிளப்புக்காரர்கள் விடுவார்களா? அணியின் சின்னமான துணி மீன் வேஷத்தில் இருக்கும் ஆளுக்கு வெண்டலின் எண் போட்ட சட்டையை மாட்டி நிறுத்துகிறார்கள். டைரஸ் தட்ட, மீன் துடுப்பால் பிடித்துக் குட்டிக்கரணம் போடுகிறது. வெண்டல் வீட்டில் டிவியை— இதற்குமேல் எழுத எனக்குக் கல்நெஞ்சு வேண்டும்.

மூன்றும் வேண்டாம்.

7

ஆகவே உங்களிடம் வருகிறேன். டைரஸ் தட்டிவிட்டான். பந்து மேலே போய்த் திரும்பிக்கொண்டிருக்கிறது. கீழே அறுபத்தொரு வயது மனிதர் அண்ணாந்து பார்த்துக்கொண்டு நிற்கிறார்.

சொல்லுங்கள். ஆனால் சொல்வதற்கு முன் ஒரு சிக்கல். அதை நான் நேற்றுத்தான் கவனித்தேன். உலகத்தில் அந்தப் பந்தைப் பார்க்காதவர்கள் நீங்கள் மட்டும்தான் என்று அவர் நம்பினார். அந்த நம்பிக்கையில்தான் உங்களை நீதிபதியாக்கினார். நான் என்ன செய்தேன்? முதல் பக்கத்திலேயே பட்டப்பெயரைச் சொல்லி, லொரேனையும் சிரிக்கவைத்து, மூன்றாம் பகுதியில் அந்தப் பந்தை உங்களுக்கும் போட்டுக் காட்டிவிட்டேன். நீங்களும் சிரித்தீர்கள். இல்லையென்று சொல்லாதீர்கள், சிரிக்கட்டும் என்றுதானே அப்படி எழுதினேன். அவருக்கு மிச்சமிருந்த கடைசி ஊரையும் நான் கெடுத்துவிட்டேன்.

சனிக்கிழமை நிரந்தர மூடி வைக்க வெண்டல் வருவார். நாற்காலியில் சாய்ந்துகொண்டு, வாயைத் திறப்பதற்கு முன்னால் கேட்பார், "உங்க ஆளுங்க என்ன சொன்னாங்க டாக்டர்?"

நான் என்ன சொல்லட்டும்?