ஆறாவது கரை

தொட்டிக்குள் இறங்கினால் முதலில் கால் எரியும். கொஞ்ச நேரத்தில் எரிவதே மறந்துபோகும். காலையில் இறங்கிய தலாசா மதியம் வரை ஏறவில்லை. முழங்காலுக்குக் கீழே பழைய மூத்திரமும் தண்ணீரும் கலந்து கிடந்தது. இரண்டு பக்கத்துக் குட்டைச் சுவர்களிலும் கைகளை ஊன்றிக்கொண்டு, காலடியில் கிடந்த துணியை மிதித்துக்கொண்டே இருந்தாள். ஒஸ்தியா நகரத்தில் கொமினியாவின் துவைப்பட்டறையில் இப்படி ஏழு தொட்டிகள். விரலிடுக்கு வெந்து போகாத கால் ஒன்றுகூட அங்கே கிடையாது.

மூன்று வருடத்துக்கு முன்பு அவள் அடுத்தவர் தொட்டியில் நின்றவள் இல்லை. அடிமைத்தனத்திலிருந்து விடுதலை கிடைத்ததும் அவளும் புருஷன் ஒனேசிமுஸும் உப்புக் கிடங்குத் தெருவில் சின்னதாக ஒரு பட்டறை போட்டிருந்தார்கள். நகரத் தலைவர் நுமிசியுஸின் ஊதாக் கரை போட்ட அங்கி ஒருநாள் அங்கே வெளுக்க வந்தது. சாயக்காரன் லூக்ரியோவிடம் வாங்கிய புதுத் துணி. மற்ற அங்கிகளைப் போலத்தான் ஒனேசிமுஸ் அதையும் பிரம்புக் கூண்டின் மேல் விரித்து, அடியில் கந்தகத்தைப் புகைய விட்டான். எடுத்துப் பார்த்தபோது ஊதாக் கரை கரிக்கட்டையாகக் கறுத்துக் கிடந்தது.

"அளவு தெரியாம கந்தகத்தைக் கொட்டினா கடல் நத்தையில எடுத்த ஊதாச் சாயம் என்ன செய்யும், பாவம்" என்று லூக்ரியோ சந்தையில் நின்று சொன்னான். ஊரே நம்பியது. நுமிசியுஸ் ஒரு வார்த்தை விசாரிக்கவில்லை. ஒனேசிமுஸ் பதில் சொல்ல வாய் திறந்தபோது முதல் அடி விழுந்துவிட்டது. சந்தை மேடைக்கு முன்னால் பன்னிரண்டு கசையடி. அதற்குப் பிறகு ஒரு கந்தல்கூட அவர்களிடம் வெளுக்க வரவில்லை. ஒனேசிமுஸ் துறைமுகத்தில் தானிய மூட்டை தூக்கப் போனான். முதுகு ஆறவே இல்லை. அடுத்த குளிர்காலம் முடிவதற்குள் செத்துப்போனான். 'கரியன்' என்று ஊர் வைத்த பட்டப்பெயர் மட்டும் சாகவில்லை.

"அளவு சரியாத்தான் இருந்துச்சு, தலா" என்று கடைசிக் காய்ச்சலில் அவன் சொன்னான். "நல்ல நத்தைச் சாயம் புகை பட்டா பளபளன்னு ஆகும். கறுக்காது. அவன் மலிவான பாறைப்பாசிச் சாயத்தைப் போட்டு, நத்தைச் சாயம்னு வித்திருக்கான்."

அந்தச் சொல்லை வைத்துக்கொண்டுதான் அவள் அன்றிலிருந்து மிதித்துக்கொண்டிருந்தாள்.

ஆட்டு மந்தைகளைக் காக்கும் பாலேஸ் தேவியின் திருவிழாவுக்கு இரண்டு நாள் இருக்கும்போது லூக்ரியோவின் அடிமை தாமா ஒரு மூட்டையோடு வந்து நின்றான். போன வருடம்தான் விலைக்கு வாங்கி வந்த ஆள். அவளை யாரென்று அவனுக்குத் தெரியாது.

"யக்கா, மூக்கைப் பொத்திக்கிட்டுத்தான் உங்க கடைக்கு வர வேண்டியிருக்கு."

"உங்க தெருமுனைச் சாடியில நீ ஊத்தினதுதாம்ப்பா இது. சொந்த வாசனைகூடப் பிடிக்கலையா?"

அடுத்த தொட்டியில் நின்றவர்கள் சிரித்தார்கள். தாமாவும் சிரித்துக்கொண்டே மூட்டையைப் பிரித்தான். வெள்ளைக் கம்பளி அங்கி. உள்ளங்கை அகலத்துக்கு ஊதாக் கரை.

"எங்க எசமானரைக் கோயில் அறுவர் குழுவுல சேத்துட்டாங்க. புதுசா வந்தவருதான் தீயில கந்தகம் போடணுமாம். நாலு நாளா வீட்டுல நடந்து நடந்து பழகிட்டிருக்காரு." அவன் குரலைத் தாழ்த்தினான். "ஒரு விஷயம். இதுக்குக் கந்தகப் புகை காட்டக் கூடாதாம். வெறும் வெண்மண் போட்டாப் போதுமாம்."

தலாசாவின் கால்கள் நின்றன.

"ஏனாம்?"

"ரொம்ப உசத்திச் சாயமாம். புகை ஆகாதாம்."

"உசத்திச் சாயத்துக்குப் புகை ஆகாது" என்று அவள் மெதுவாகச் சொல்லிப் பார்த்தாள். "சரி. முதலாளியம்மா காதுலயும் அதைப் போட்டுட்டுப் போ. அப்புறம் என்மேல பழி வரக் கூடாது."

கொமினியா கல்மேடையில் உட்கார்ந்து பருப்பும் ரொட்டியும் தின்றுகொண்டிருந்தாள். "சொன்னபடியே செய்யி" என்றாள் தலாசாவிடம். தாமாவைப் பார்த்து, "மங்கலா இருக்குன்னு நாளைக்கு வந்து நிக்காதே. உங்காளு கேட்டதுதான் உங்காளுக்குக் கிடைக்கும்" என்றாள்.

அன்று பிற்பகல் தலாசா அந்த அங்கியைக் கையில் வைத்துக்கொண்டு பிரம்புக் கூண்டுக்குப் பக்கத்தில் நெடுநேரம் நின்றாள். ஒரு விரற்கடை கந்தகம் போதும். ஆனால் இங்கே கறுத்தால், கறுக்க வைத்தவள் அவள்தான். மறுபடியும் வெளுப்பவர் முதுகுதான் உரியும்.

கயிற்றில் அறுவர் குழுவின் மற்ற ஐந்து அங்கிகளும் தொங்கின. வருடா வருடம் இந்தப் பட்டறைக்கு வருகிறவை. வருடா வருடம் இதே கூண்டில், இதே புகையில் வெளுக்கிறவை. ஒன்றின் கரைகூட ஒருநாளும் மங்கியதில்லை. திருவிழாத் தீயில் போடும் கந்தகமும் இந்தப் பட்டறையிலிருந்துதான் போகும். அவள் கூண்டை விட்டு விலகி வந்தாள்.

லூக்ரியோ சொல்லி அனுப்பியதில் ஓர் எழுத்தையும் அவள் மீறவில்லை. மிதித்தாள், அலசினாள், வெண்மண் தேய்த்தாள், முள்ளெலித் தோலால் கம்பளி மயிரை நீவிவிட்டாள். காய மட்டும் விடவில்லை. காய்ந்த துணியில் வெட்டவெளிப் புகை ஏறாது, ஈரத்தில் ஏறும். நனைத்த சாக்குக்கு அடியில் மடித்து வைத்தாள்.

திருவிழா அன்று விடிந்ததும் தாமா ஓடி வந்தான்.

"என்ன யக்கா, இன்னும் ஈரமா இருக்கு?"

"காஞ்சா வெண்மண் உதிரும்ப்பா. ஈரத்தோட போத்தினாத்தான் மடிப்பு நிக்கும். உங்க எசமானர் தொந்தியும் கொஞ்சம் மறையும்."

"அப்ப இன்னும் கொஞ்சம் நனைச்சே குடுங்க" என்றான் தாமா.

அவன் போனதும் அவள் கந்தகச் சட்டியை எடுத்தாள். வழக்கமாக ஒரு கைப்பிடி. இன்று விளிம்பு வரை நிரப்பினாள்.

"எதுக்குடி இவ்வளவு?" என்றாள் கொமினியா.

"தேவிக்குக் குடுக்கறதுல கஞ்சத்தனம் எதுக்கும்மா? உங்க பேர்லதானே போகுது."

கொமினியா முக்காட்டைச் சரிசெய்துகொண்டு நிமிர்ந்து நடந்தாள்.

கோயில் முற்றத்தில் வைக்கோலும் அவரைத் தண்டும் எரிந்துகொண்டிருந்தன. அறுவர் வரிசையாக நின்றார்கள். தீக்கு மிக அருகில் லூக்ரியோ. நுமிசியுஸ் இந்த வருடமும் நகரத் தலைவர். தன் ஊதாக் கரை அங்கியோடு எதிரே நின்று, வாதுமை இலைக் கொத்தால் எல்லோர் மேலும் தண்ணீர் தெளித்தார். லூக்ரியோ சட்டியை இரண்டு கையாலும் ஏந்தி, பழகி வைத்த நடையில் மூன்று அடி நடந்து, முழுவதையும் தீயில் கவிழ்த்தான்.

நீலப் புகை பொங்கி ஆறு பேரையும் மூடியது. ஜனங்கள் துணியால் முகத்தைப் பொத்திக்கொண்டார்கள். தலாசா பொத்தவில்லை. அந்த நேரத்தில்தான் அவளுக்கு ஒன்று தோன்றியது. ஊருக்கெல்லாம் பாசிச் சாயம் விற்றவன் தனக்கு மட்டும் நல்ல சாயமே போட்டிருந்தால்? அந்தக் கரை பளபளத்தால், மண்ணுக்குள் இருக்கும் ஒனேசிமுஸும் பொய்யனாகிவிடுவான்.

கடல் காற்று வந்து புகையைக் கலைத்தது.

முதலில் பார்த்தவர் லூக்ரியோவுக்குப் பக்கத்தில் நின்றவர். ஓரடி தள்ளி நின்றுகொண்டார். தீக்குப் பக்கமாக இருந்த கீழோரத்திலிருந்து தோள் வரைக்கும் லூக்ரியோவின் கரை கறுத்திருந்தது. மற்ற ஐந்து கரைகளும் நனைந்த திராட்சை போல மின்னின.

"அவரு வீட்டுல மட்டும் ஏதாச்சும் துக்கமா?" என்று கேட்டாள் மீன்காரி ஒருத்தி. முற்றம் முழுக்கச் சிரிப்பு.

நுமிசியுஸ் சிரிக்கவில்லை. "இதை வெளுத்தது யாரு?"

கொமினியாவின் முகம் வெளுத்தது. தலாசா முன்னால் வந்தாள்.

"நான்தாங்கய்யா. புகை காட்டாதேன்னு சொல்லி அனுப்பினாங்க. காட்டல. கொண்டுவந்தவரு அதோ நிக்கறாரு, கேளுங்க."

தாமா எசமானரைப் பார்த்தான், பிறகு தரையைப் பார்த்தான். "ஆமாங்க. அப்படித்தான் சொல்லச் சொன்னாரு."

"ஐயா, இவ அந்தக் கரியன் பொண்டாட்டி" என்றான் லூக்ரியோ இருமிக்கொண்டே. "துணியில ஏதோ மருந்து வெச்சுக் குடுத்திருக்கா."

"மத்த அஞ்சையும் மிதிச்சது இதே காலுதான்" என்றாள் தலாசா. "கந்தகம் போட்டது உங்க கை. அஞ்சு பேரும் அதே புகையிலதான் நின்னாங்க."

நுமிசியுஸ் குனிந்து தன் கரையைப் பார்த்தார். அதுவும் மின்னியது. எதையோ எண்ணிப் பார்ப்பவர் போல நின்றார்.

"மூணு வருஷத்துக்கு முன்னாடி என் அங்கி ஒண்ணு..."

"ஆமாங்கய்யா. அது என் புருஷன்."

லூக்ரியோவின் அங்கியைக் காவலர்கள் உருவினார்கள். உள்சட்டையோடு அவன் சின்ன ஆளாகத் தெரிந்தான். அவனுடைய சாயப் பானைகளை உடைக்க நுமிசியுஸ் ஆளனுப்பினார். பிறகு, "அன்னைக்கு எத்தனை அடி?" என்று அவளிடமே கேட்டார்.

"பன்னெண்டு."

லூக்ரியோவுக்கும் பன்னிரண்டு விழுந்தது. தலாசா கண்ணை எடுக்காமல் அத்தனையையும் நின்று பார்த்தாள். ஏழாவது அடியில் அவன் அழுதான். ஒனேசிமுஸ் ஒன்பதாவதில்தான் அழுதான்.

எல்லாம் முடிந்ததும் நுமிசியுஸ் அவளைக் கூப்பிட்டார். "உன் புருஷன் பேரென்ன? குத்தம் இல்லாதவன்னு மேடையில படிக்கச் சொல்றேன்."

"அடிக்கறதுக்கு முன்னாடி கேட்டிருக்கலாம்" என்று சொல்லிவிட்டு, பெயரைச் சொல்லாமலேயே அவள் நடந்தாள். அந்தப் பெயரை ஊர் அவரிடம் வந்து சொல்லிக்கொள்ளட்டும், அவள் கொடுக்கப் போவதில்லை.

மறுநாள் அவள் தன் தொட்டியின் குட்டைச் சுவரில் ஆணியால் ஆறு கோடுகள் கீறி, ஆறாவதில் மட்டும் கரியை அப்பினாள். எத்தனையோ நூற்றாண்டு கழித்து அங்கே மண்ணை அள்ளித் தோண்டியவர்கள் அதைத் துணிக் கணக்கு என்று எழுதிவைத்தார்கள்.

கரி காய்வதற்குள் தாமா வந்துவிட்டான். இந்தத் தடவை மூக்கைப் பொத்தவில்லை. கையில் அதே மூட்டை.

"குப்புறப் படுத்துக் கெடக்காரு யக்கா. இந்தக் கறுப்பு போகுமான்னு கேக்கச் சொன்னாரு."

தலாசா கறுத்த கரையை விரலால் தடவிப் பார்த்தாள். போகாது. அங்கியைத் தொட்டிக்குள் போட்டு, அதன்மேல் ஏறி நின்று மிதிக்க ஆரம்பித்தாள். தாமா சுவரில் சாய்ந்து காத்திருந்தான். வெயில் ஏறி இறங்கியது.

"போகுதா யக்கா?"

"என்ன அவசரம்? மூணு வருஷம் ஆகும்னு போய்ச் சொல்லு" என்றாள் அவள், மிதித்துக்கொண்டே.